ஆஜராகாதவரின் ஆறு மாதம்

திராஸ் முகாம்
22-10-1966

என் கொளஞ்சிக்கு,

காஷ்மீர் மலை மேலிருந்து உன் வீட்டுக்காரன் எழுதுவது. கைகால் ஒழுங்காக இருக்கிறது. மூக்கு மட்டும் இருந்த இடத்தில் இருக்கிறதா என்று அடிக்கடி தொட்டுப் பார்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. நீயும் பாப்பா கமலமும் வயிறாரச் சாப்பிடுகிறீர்களா?

நேற்று இந்த வருஷத்து முதல் பனி விழுந்தது. நம் ஊரில் மலை பூமிக்குள் போய்விட்டது என்று சொல்வார்கள். பேரில் மட்டும் மலையை வைத்துக்கொண்டு முப்பத்து நாலு வருஷம் திரிந்தவன் நான். மலை என்றால் என்ன என்று இப்போதுதான் தெரிகிறது. விடியும்போது உச்சி மட்டும் சிவக்கிறது, நாங்கள் நிற்கிற பள்ளத்தில் இன்னும் இருட்டு. புல்டோசரை நிறுத்திவிட்டு வாயைப் பிளந்தபடி நின்றேன். ஒரு பஞ்சாபிக்காரன், "மதராஸி, வாயை மூடு, பல் உறைந்துவிடும்" என்றான். இங்கே எல்லாருக்கும் நான் மதராஸிதான்.

உன் கடித உறையில் என் நம்பர் மட்டும் இருப்பதைப் பார்த்துத் தபால் குமாஸ்தா, "உனக்கு வீட்டில் பேரே வைக்கவில்லையா?" என்று சிரிக்கிறான். புருஷன் பேரைச் சொல்லவும் மாட்டாய், எழுதவும் மாட்டாய். நல்லவேளை, இந்த ரோடு வேலைக்கு அரசாங்கம் ஒரு நம்பர் கொடுத்தது.

இனி விஷயம். இன்னும் சில நாளில் கணவாய் மூடிவிடும். மூடினால் வைகாசி வரைக்கும் தபால் மேலே வராது, கீழேயும் போகாது. பனி வெட்டுகிற கூட்டத்தில் என்னையும் இங்கேயே நிறுத்திவிட்டார்கள். நம் ஸ்டேஷன் கொல்லையைப் பீங்கான் தொழிற்பேட்டைக்கு எடுக்கப் போகிறார்கள் என்று எழுதியிருந்தாய். சர்க்கார் எடுப்பதை நாம் தடுக்க முடியாது, விலையைத்தான் கேட்க முடியும். விசாரணைக்குக் கூப்பிட்டால் என் சார்பில் நீ போ. மானாவாரிப் புஞ்சை விலை கட்டாது, ஜங்ஷனிலிருந்து கூப்பிடு தூரம், மனை விலை போட வேண்டும் என்று சொல். நல்ல விலை வந்தால் நல்லூர்ப் பக்கம் கிணற்றோடு ஒரு துண்டு நிலம் வாங்கிக்கொண்டு ஊரோடு வந்துவிடுவேன். இல்லாவிட்டால் இன்னும் எத்தனை குளிரோ.

பாப்பாவுக்கு முத்தம்.

விருத்தகிரி


விருத்தாசலம்
10-12-1966

மாமாவுக்கு, கொளஞ்சி பணிந்து எழுதுவது.

நானும் பாப்பாவும் சுகம். ரேஷனில் அரிசி சரியாகக் கிடைக்கவில்லை, கம்பங்கூழ் இருக்கிறது. உங்கள் உடம்பு எப்படி என்று கேட்டு நான் எழுதும் இந்தக் காகிதம் கணவாய்க்குக் கீழே எந்த மூட்டையில் கிடக்குமோ.

நம் கொல்லைக்கு அடுத்த பங்கில் பள்ளம் தோண்டுகிறார்கள். போய்ப் பார்த்தேன். மேலே நமக்குத் தெரிந்த அதே செம்மண்தான். ஆள் உயரம் இறங்கியதும் வெள்ளை. பச்சரிசி மாவு இடித்துக் கொட்டியது போல அப்படி ஒரு வெள்ளை. இதைக் குழைத்துச் சுட்டால் கோப்பை, தட்டு, கரண்டுக் கம்பத்துக் குமிழ் எல்லாம் ஆகுமாம். எத்தனை ஆடியில் அதன் மேல் நின்று கம்பு விதைத்தோம். காலுக்குக் கீழே இப்படி ஒன்று படுத்திருந்தது நமக்குத் தெரியவில்லையே மாமா. குனிந்து தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டேன். மேஸ்திரி சிரித்தார், சிரிக்கட்டும்.

விசாரணை வருகிற பதினைந்தாம் தேதி. நீங்கள் சொன்னபடி போகிறேன்.

கொல்லைப் பங்காளி கோவிந்தராசு நேற்று வந்தார். காஷ்மீர்ப் பக்கம் பனி சரிந்து ரோடு வேலைக்காரர்கள் புதைந்துபோனதாக டீக்கடை ரேடியோவில் சொன்னார்களாம். எந்த இடம் என்று அவருக்குச் சொல்லத் தெரியவில்லை. நானும் கேட்கவில்லை.

குளிருக்கு இழுத்துப் போர்த்திக்கொள்ளுங்கள்.

கொளஞ்சி


விருத்தாசலம்
17-12-1966

மாமாவுக்கு,

நாங்கள் சுகம். நீங்களும் அப்படியே இருக்க வேண்டும்.

விசாரணைக்குப் போனேன். தாசில்தார் ஏதேதோ கேட்டார். அன்றைக்கே விலை சொல்லித் தீர்ப்பு எழுதிவிட்டார்கள், புஞ்சை விலைதான். முடிந்தது.

பாப்பாவுக்குச் சளி, வேறொன்றும் இல்லை. வேறு எழுத ஒன்றும் தோன்றவில்லை.

கொளஞ்சி


விருத்தாசலம்
12-3-1967

மாமாவுக்கு, கொளஞ்சி எழுதுவது.

நானும் பாப்பாவும் நன்றாக இருக்கிறோம். ஐப்பசிக்குப் பிறகு உங்களிடமிருந்து ஒரு வரி இல்லை. இருக்காது என்று நீங்களே சொன்னதுதான், இருந்தாலும் தபால்காரர் தெருமுனை திரும்பும்போது எழுந்து நிற்கிறேன். கிணற்றில் கல்லைப் போட்டுவிட்டுச் சத்தம் வராமல் காத்திருப்பது போல இருக்கிறது.

இப்போது மண் வேலைக்குப் போகிறேன். நம் கொல்லையிலேயே கூலி. வெள்ளை மண்ணைக் கூடையில் சுமந்து கொட்டுகிறோம். சாயங்காலம் வீடு திரும்பும்போது முடி, புருவம் எல்லாம் வெள்ளை. பாப்பா என்னைப் பார்த்துக் கைதட்டுகிறாள்.

கோவிந்தராசு முதலான எல்லாரும் தீர்ப்பு சொன்ன அன்றே ஒத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டார்கள். தையில் பணமும் வாங்கிவிட்டார்கள். அறுப்பு வேலை எல்லாம் முடித்து மாசியில், கூடுதல் விலை கேட்கலாம் என்று ஆபீசுக்குப் போனால், "ஆறு வாரத்துக்குள்ள வந்திருக்கணும். அன்னிக்கு எதிர்லதானே உக்காந்திருந்தீங்க? போய் வேலையப் பாருங்க" என்று திருப்பிவிட்டார்களாம். முதலில் வாங்கிக்கொள்வோம், பிறகு கேட்டுக்கொள்வோம் என்று அவர்களுக்கு யாரோ சொன்ன யோசனை. நம் பணத்தை என்னிடம் கொடுக்கவில்லை, கஜானாவிலேயே கிடக்கிறது. ஆறு வாரம் நமக்கும் போயிற்று என்றுதான் நினைக்கிறேன்.

கோபம் வந்தால் வரட்டும். கோபத்தோடாவது ஒரு கடிதம் வந்தால் போதும்.

கொளஞ்சி


திராஸ் முகாம்
15-5-1967

கொளஞ்சிக்கு,

உயிரோடு இருக்கிறேன். கணவாய் திறந்து நேற்றுத்தான் மூட்டை வந்தது. உன் மூன்று கடிதங்களையும் ஒரே மூச்சில் படித்தேன். பாப்பாவுக்குச் சளி என்றிருந்தது. ஐந்து மாதம் கழித்துக் கவலைப்பட்டு என்ன பிரயோஜனம்?

அதே மூட்டையில் சர்க்கார் நோட்டீஸ் ஒன்றும் ரிஜிஸ்தரில் வந்திருக்கிறது. அதிலும் என் நம்பர்தான். ஆபீசில் உள்ள மலையாளத்துக்காரர் படித்துச் சொன்னார். "பட்டாதாரர் ஆஜராகவில்லை, அவர் சார்பிலும் யாரும் ஆஜராகவில்லை" என்று இருக்கிறதாம். போனேன் என்று நீ எழுதினாயே! போனாயா, போகவில்லையா? போயிருந்தால் இப்படி ஏன் எழுதுகிறார்கள்? ஒரு நாள் போய் உட்கார்ந்து நாலு வார்த்தை பேச முடியவில்லையா? அந்த நாலு வார்த்தையை நம்பித்தானே இந்தப் பனியில் கிடந்தேன்.

மூன்று வெள்ளைத் தாளில் அடியில் கையெழுத்துப் போட்டு நோட்டீசோடு அனுப்புகிறேன். யாராவது வக்கீலைப் பார்க்க முடிந்தால் அக்காவோடு போய்ப் பார். எனக்கு நம்பிக்கை இல்லை.

விருத்தகிரி


விருத்தாசலம், கோயில் தெரு
6-6-1967

தம்பி விருத்தகிரிக்கு, அக்கா ஆண்டாள் ஆசீர்வாதம்.

எனக்கு முழங்கால் வலியைத் தவிர ஒரு குறையும் இல்லை. உனக்கு என்ன குறை என்று நீ உன் பெண்டாட்டிக்கு எழுதின கடிதத்தைப் படித்துத் தெரிந்துகொண்டேன். அவள் அதைப் படித்துவிட்டு மடித்து வைத்துக்கொண்டு, வெள்ளைத் தாளை மட்டும் என்னிடம் நீட்டினாள். நான் கோவிந்தராசுவைப் பிடித்து உலுக்கினேன். அவன் அன்றைக்கு அங்கே இருந்தவன். அவன் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்.

அவள் போனாள். இடுப்பில் குழந்தையோடு காலையிலேயே போய் முதல் வரிசையில் நின்றாள். உன் முறை வந்ததும் தாசில்தார், "யார் சார்பா வந்திருக்கீங்க?" என்றார்.

"எங்க வூட்டுக்காரரு சார்பாங்க."

"அவர் பேர்?"

அவள் பேசவில்லை.

"பேர் தெரியாதா?"

"தெரியுங்க."

"அப்ப சொல்லுங்க."

"நம்பரு வேணும்னா சொல்றேங்க" என்று உன் முழு நம்பரையும் தபால் விலாசத்தையும் மூச்சு விடாமல் ஒப்பித்தாளாம். கூட்டம் கொல்லென்று சிரித்தது. கோவிந்தராசு எழுந்து, "ஐயா, அவரு பேரு நான் சொல்றன்" என்று ஆரம்பித்ததும் தாசில்தார் மேஜையைத் தட்டினார். "சார்பா வந்தவங்க யாருக்காக வந்தோம்னு தன் வாயால சொல்லணும். நீ உக்காருய்யா." வெளியூர்க்காரர், கோபக்காரர். காகிதத்தை நீட்டி எழுதச் சொல்லியும் பார்த்தார். அவள் காகிதத்தைத் தொடவில்லை. மனை விலை பற்றி அவள் மனப்பாடம் பண்ணிக்கொண்டு போனதெல்லாம் வாயிலேயே நின்றுவிட்டது. கடைசியில் அவர் குமாஸ்தாவிடம், "பட்டாதாரர் ஆஜர் இல்ல, சார்பிலும் யாரும் இல்லன்னு எழுது. அந்த நம்பருக்கே நோட்டீஸ் அனுப்பு" என்று சொல்லிவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டார்.

இதைக் கேட்டதும் எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. வக்கீலிடம் போகிற வழியெல்லாம், "ஒத்த பேரு, அதச் சொல்ல வாயில்லையாடி உனக்கு? இது என்னா காலம்!" என்று திட்டிக்கொண்டே போனேன். அவள் தலையைக் குனிந்துகொண்டே வந்தாள்.

வக்கீல் செல்வநாதன் கடலூர்க்காரர், வாரத்தில் இரண்டு நாள் இங்கே வருகிறார். அன்றைக்கு அவர் வரும் நாள் இல்லை, கடலூருக்கே பஸ் ஏறிப் போனோம். சிலுவை மாட்டிய சுவருக்குக் கீழே உட்கார்ந்து நோட்டீசைப் படித்தார். இன்னொரு தரம் படித்தார். நடந்ததை நான் சொன்னேன். அவர் நாற்காலியை விட்டு எழுந்து நின்றுவிட்டார் தம்பி! எனக்குப் பயமாகிவிட்டது.

"தீர்ப்பு சொன்ன அன்னிக்கு எதிர்ல இருந்தவங்களுக்கும் சார்பா ஆள் அனுப்பினவங்களுக்கும் ஆறு வாரம்தான் டயம். இல்லாதவங்களுக்கு வேற கணக்கு. நோட்டீஸ் கைக்கு வந்ததிலேருந்து ஆறு வாரம், இல்லாட்டி தீர்ப்பு தேதியிலேருந்து ஆறு மாசம், ரெண்டுல எது முந்தி முடியுதோ அதுவரைக்கும் கூட விலை கேட்டு கோர்ட்டுக்கு அனுப்பச் சொல்லலாம். உங்களுக்கு ஜூன் பதினஞ்சு வரைக்கும் இருக்குது. இந்தம்மா அன்னிக்கு அந்தப் பேரச் சொல்லியிருந்தாங்கன்னா தை மாசத்தோட கதவு சாத்தியிருக்கும்" என்றார்.

அங்கேயே உன் வெள்ளைத் தாளில் ஒன்றை எடுத்து டைப் அடித்து நேற்று ஆபீசில் சேர்த்துவிட்டார். முத்திரை குத்திய ரசீது இருக்கிறது. அத்தனை பங்குக்காரர்களில் இன்னும் கேட்க உரிமை இருப்பது உனக்கு மட்டும்தான். எல்லாரும் கெட்டிக்காரர்கள், பேரைச் சொன்னார்கள், கையெழுத்துப் போட்டார்கள், போயே போச்சு. அவள் வாயை மூடிக்கொண்டு நின்றதில் சர்க்கார் சட்டமே வளைந்து வந்து அவள் பக்கம் நிற்கிறது. இதற்கு என்ன பேர் சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை.

திரும்பி வரும்போது பஸ்ஸில் அவளுக்கு ஜன்னல் ஓரத்தை விட்டேன். நீயும் ஏதாவது விட்டுக்கொடு.

ஆண்டாள்


திராஸ் முகாம்
2-7-1967

என் கொளஞ்சிக்கு,

இங்கே வெயில் வந்து பனி உருகி ஆறு நுரைத்துக்கொண்டு ஓடுகிறது. உடம்பு தேவலை. மனசுதான் அக்கா கடிதம் வந்ததிலிருந்து ஒரு நிலையில் இல்லை. நான் உன்னைத் திட்டி எழுதின வரிகளைக் கிழித்து அடுப்பில் போட்டுவிடு.

ஒன்று மட்டும் புரியவில்லை. அத்தனை பேர் சிரிக்கும்போதும் ஏன் சொல்லவில்லை? நான் கோபித்துக்கொள்வேன் என்றா?

நானும் உனக்கு எழுதாமல் விட்ட ஒன்று இருக்கிறது. டிசம்பர் நடுவில் ஒரு நாள் எங்கள் முகாமுக்கு மேலே சரிவு உடைந்தது. இடி இடித்த மாதிரி சத்தம், அவ்வளவுதான் தெரியும். நாலு பேர் உள்ளே போனோம். கையை அசைக்க முடியாது, கண்ணைத் திறந்தாலும் மூடினாலும் ஒன்றுதான். மேலே யாரோ "மதராஸி, மதராஸி" என்று கத்துவது எங்கோ தூரத்தில் கேட்டது. மூன்று பேரைத் தோண்டி எடுத்தார்கள். நாலாவது ஆள் ஒரு மராட்டிப் பையன், அவனை எடுத்தபோது உயிர் இல்லை.

அது எந்தத் தேதி என்று ஆபீசில் எழுதி வைத்திருப்பார்கள். போய்ப் பார்க்கலாம் என்று எழுந்தேன். பிறகு உட்கார்ந்துவிட்டேன். தேதியைச் சரிபார்க்க எனக்குத் துணிச்சல் இல்லை.

விருத்தகிரி


விருத்தாசலம்
30-7-1967

மாமாவுக்கு, கொளஞ்சி எழுதுவது.

இங்கே எல்லாரும் சுகம், பாப்பாவை ஸ்கூலில் சேர்த்தாயிற்று. நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு அடுப்படியிலேயே உட்கார்ந்துவிட்டேன். சோறு தீய்ந்த வாசனை வந்துதான் எழுந்தேன். பிறகு கொளஞ்சியப்பர் கோயிலுக்கு நடந்தே போய் வந்தேன்.

ஏன் சொல்லவில்லை என்று கேட்டீர்கள். பேர் சொன்னால் புருஷனுக்கு ஆயுசு குறையும் என்பது மெய்யோ பொய்யோ எனக்குத் தெரியாது. வேறு ஒரு நாளாக இருந்தால், நீங்கள் வெளியே நின்றுகொண்டிருந்தால், ஒருவேளை சொல்லியும் இருப்பேன். அன்றைக்கு நீங்கள் இருக்கிறீர்களா இல்லையா என்பதே எனக்குத் தெரியாது. ரேடியோவில் சொன்னது உங்கள் இடம்தான் என்று என் மனசு அடித்துக்கொண்டிருந்தது. அந்த நேரத்தில், ஒரு நிலத்து விலைக்காக, அது மெய்யா பொய்யா என்று உங்களை வைத்துப் பரீட்சை பார்க்க என்னால் முடியவில்லை மாமா. அவ்வளவுதான் விஷயம். சட்டமெல்லாம் எனக்குத் தெரியாது.

ஃபேக்டரியில் புதிதாக ஒரு சூளை கட்டுகிறார்கள். தெரு நீளம் இருக்கிறது. நெருப்பு ஒரே இடத்தில் நிற்குமாம், சாமான்கள்தான் வண்டியில் ஏறி அதன் வழியாக மெல்லப் போய் வெளியே வருமாம். ஒருமுறை மூட்டினால் அணைக்கவே மாட்டார்களாம். நீங்கள் அங்கே குளிரில், இங்கே நம் கொல்லையில் இப்படி ஒரு நெருப்பு. கொஞ்சம் அள்ளி அனுப்ப முடியாதா என்று இருக்கிறது.

கொளஞ்சி


திராஸ் முகாம்
18-10-1968

என் கொளஞ்சிக்கு,

நலமாக இருக்கிறேன். நீயும் கமலமும் அப்படியே இருங்கள். இது கணவாய் மூடுவதற்கு முன்னால் போகிற கடைசி மூட்டையில் வருகிறது, அதனால் கவனமாகப் படி.

வழக்கு கடலூர்க் கோர்ட்டில் தையிலோ மாசியிலோ வருமாம். வக்கீல் எழுதியிருந்தார். சர்க்கார் தரப்பில் ஒரே பிடிதான் பிடிக்கிறார்களாம்: மனைவி வந்திருந்தாள், ஆகவே அவர் சார்பில் ஆள் இருந்தது, ஆகவே ஆறு வாரம்தான், மனு காலம் கடந்தது. அதைச் சொல்ல உன்னைக் கூண்டில் ஏற்றுவார்கள். ஏறியதும் கணவன் பேரைத்தான் கேட்பார்களாம். அங்கே சத்தியம் பண்ணிவிட்டுச் சொல்ல மாட்டேன் என்று நிற்க முடியாது, ஜட்ஜுக்குக் கோபம் வந்தால் எல்லாம் போய்விடும் என்று வக்கீல் பயப்படுகிறார்.

சொல்லிவிடு கொளஞ்சி. நானே அனுமதி கொடுக்கிறேன், இந்தக் கடிதத்தை மடியில் முடிந்துகொண்டு போ. எனக்கு ஒன்றும் ஆகாது. இந்த ஒரு குளிர்தான், விலை வந்துவிட்டால் அடுத்த கோடையில் இறங்கிவிடுவேன். தோற்றுவிட்டால் இன்னும் பத்து வருஷத்துக்கு இங்கேதான் கையெழுத்துப் போட வேண்டியிருக்கும். கமலம் என்னை அடையாளம் தெரியாமல் வளர்ந்துவிடுவாள். அதை நினைத்துக்கொண்டு சொல்.

விருத்தகிரி


விருத்தாசலம்
20-3-1969

மாமாவுக்கு, கொளஞ்சி பணிந்து எழுதுவது.

நாங்கள் சுகம். நீங்கள் சுகமாக இருக்கிறீர்கள் என்று நினைத்துக்கொண்டே எழுதுகிறேன்.

மாசி மாதம் கோர்ட்டுக்குப் போனேன். சொல்லிவிடுவது என்று முடிவு பண்ணித்தான் போனேன். உங்கள் கடிதம் மடியில் இருந்தது. பஸ்ஸில் வடலூர் தாண்டும்வரை மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன்.

கூண்டில் ஏறியதும் குமாஸ்தா உங்கள் பேரை உரக்கப் படித்து, "இன்னார் மனைவி கொளஞ்சியம்மாள்தானே?" என்றார். அந்த இன்னார் நீங்கள்தான். தலையை ஆட்டினேன். பிறகு சர்க்கார் வக்கீல் எழுந்தார்.

"தாசில்தார் விசாரணைக்குப் போனீங்களா?"

"போனேங்க."

"உங்க வீட்டுக்காரருக்காகத்தானே போனீங்க?"

"ஆமாங்க."

நம் வக்கீல் நெற்றியில் கை வைத்துக்கொண்டார். சத்தியம் பண்ணிவிட்டு வேறு என்ன சொல்வது?

"அப்ப அவர் சார்பில நீங்க ஆஜர்."

"அது எனக்குத் தெரியாதுங்க. பேரு கேட்டாங்க. நான் சொல்லல. அதுக்கு மேல என்னை ஒண்ணும் கேக்கல."

"அது வேஷம். இப்ப கோர்ட்டுல நிக்கிறீங்க. வீட்டுக்காரர் பேர் என்ன? சொல்லுங்க."

வாயைத் திறந்தேன் மாமா. சத்தியமாகத் திறந்தேன். நாக்கு நுனிக்கு வந்துவிட்டது. அப்போது பார்த்து, இது மாசி, கணவாய் மூடியிருக்கிறது, நீங்கள் அந்தப் பக்கம் இருக்கிறீர்கள் என்று நினைப்பு வந்தது. வாயை மூடிக்கொண்டேன். ஃபேன் சுற்றுகிற சத்தம் மட்டும் கேட்டது. பின்னால் பெஞ்சில் ஒருத்தரும் சிரிக்கவில்லை.

ஜட்ஜ் வயசானவர். கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். "அம்மா, சொல்லலேன்னா உங்க வழக்கு தோத்துப் போயிடலாம். தெரியுமா?"

"தோத்துட்டுப் போவுதுங்க" என்றேன்.

எப்படி அந்த வார்த்தை வந்தது என்று எனக்கே தெரியாது. அவர் கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டார். பிறகு சர்க்கார் வக்கீல் பக்கம் திரும்பி, "உங்க தாசில்தார் அன்னிக்கு இதே அம்மாவைத்தானே பார்த்தார்? சார்பில யாரும் இல்லன்னு எழுதினது உங்க ஆபீஸ். நோட்டீஸ் அனுப்பினது உங்க ஆபீஸ். அன்னிக்கு இல்லாத பிரதிநிதி இன்னிக்கு எங்கேருந்து வந்தாங்க?" என்றார். சர்க்கார் வக்கீல் உட்கார்ந்துவிட்டார்.

வெளியே வந்ததும் நம் வக்கீல் என் எதிரே கைகூப்பினார். எனக்குக் கூசிப்போயிற்று. "நான் சொல்லச் சொன்னது தப்பும்மா. நீங்க இன்னிக்குச் சொல்லியிருந்தீங்கன்னா, சொல்ல முடிஞ்சவங்கதான், அன்னிக்கு வேணும்னே மறைச்சாங்கன்னு நம்மளக் கவுத்திருப்பாங்க" என்றார்.

போன வாரம் தீர்ப்பு வந்துவிட்டது. மனு காலத்துக்குள் வந்ததுதான் என்றும், புஞ்சை விலை போதாது என்றும் எழுதியிருக்கிறார்களாம். முன்பு போட்டதைப் போலக் கிட்டத்தட்ட மூன்று மடங்கு. நாம் ஜெயித்துவிட்டோம் மாமா.

கோவிந்தராசுவுக்கும் மற்றவர்களுக்கும் இதில் ஒன்றும் கிடையாதாம். அதே மண், அதே பள்ளம். கேட்க எனக்குக் கஷ்டமாக இருந்தது. அவர் வாசலில் வந்து நின்று, "நான் போனதுக்கு எங்க வூட்ல அவள அனுப்பியிருக்கலாம்" என்று சொல்லிச் சிரித்தார். சிரித்துவிட்டு ரொம்ப நேரம் அங்கேயே நின்றார். ஒரு செம்பு மோர் கொடுத்தேன்.

இது எப்போது உங்கள் கைக்கு வருமோ. சீக்கிரம் உருகட்டும்.

கொளஞ்சி


திராஸ் முகாம்
24-5-1969

என் கொளஞ்சிக்கு,

நல்ல உடம்போடு, நல்ல மனசோடு எழுதுகிறேன்.

நேற்று மூட்டை வந்தது. உன் கடிதத்தை வண்டியிலேயே படித்தேன். எஞ்சின் ஓடிக்கொண்டே இருந்தது, எனக்கு நிறுத்தத் தோன்றவில்லை. பஞ்சாபிக்காரன் வந்து என்ன ஆயிற்று, சாவுச் செய்தியா என்றான். எனக்குத் தெரிந்த அரைகுறை இந்தியில் சொன்னேன். அவன் தெற்கே திரும்பி, இரண்டு கையையும் கூப்பிக் கொஞ்ச நேரம் நின்றான். இந்த மலையைப் பார்த்து வாயைப் பிளந்தேனே, உன்னை என்ன சொல்வது? உன்னோடு ஒரே தட்டில் சாப்பிட்டிருக்கிறேன், உன்னைத் திட்டியிருக்கிறேன். நீ யார் என்று எனக்குத் தெரியவில்லை.

வேலையை விடுகிறேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். பத்தாம் தேதிக்கு மேல் பதான்கோட் முகாமில் இருப்பேன், அங்கே கணக்கு முடித்துக்கொண்டு ரயிலேறுவேன்.

ஒன்றே ஒன்று கேட்க வேண்டும். தோற்றுப் போகட்டும் என்று ஜட்ஜிடம் சொன்னாயே. தோற்றிருந்தால் இன்னும் பத்துக் குளிர் நான் இங்கேயே கிடந்திருப்பேன். அது தெரிந்துதான் சொன்னாயா?

விருத்தகிரி


விருத்தாசலம்
7-6-1969

மாமாவுக்கு, கொளஞ்சி எழுதுவது.

எல்லாரும் சுகம். இந்தக் கடிதத்தைப் பதான்கோட்டுக்குப் போடுகிறேன். நல்லூர்ப் பக்கம் கிணற்றோடு ஒரு நிலம் இருக்கிறது என்று ஆண்டாள் அண்ணி சொன்னார்கள். நீங்கள் வந்து பார்த்துப் பேசலாம்.

தெரிந்துதான் சொன்னேன். பத்துக் குளிர் ஆனாலும், பதினோராவது வருஷம் வருவீர்கள் இல்லையா? எனக்கு அது போதும் என்று தோன்றியது.

இதைப் படிக்கும்போது கணவாயைத் தாண்டியிருப்பீர்கள். இனிமேல் பயமில்லை. ஜங்ஷனில் இறங்கி வீட்டுக்கு வாருங்கள். வந்து என் எதிரே, நான் கைநீட்டித் தொடுகிற தூரத்தில் நில்லுங்கள். யாரும் இல்லாத நேரமாகப் பார்த்து, உங்களுக்கு மட்டும் கேட்கிற மாதிரி, உங்கள் பேரை ஒரே ஒரு தடவை சொல்கிறேன்.

கொளஞ்சி